கேள்வி பதில்: ஸ்லோவாக் நடிகர் யோசெஃப் க்ரோனெர்

கே: க்ரோனெர் நடித்ததில் எதை முதலில் பார்க்கலாம்?

ப: யோசிக்கவே வேண்டாம், 'ஓப்கோட் நா கோர்ஸே' (1965). இயக்கம் யான் காதார், எல்மார் க்ளோஸ். அமெரிக்காவில் 'தி ஷாப் ஆன் மெயின் ஸ்ட்ரீட்', பிரிட்டனில் 'தி ஷாப் ஆன் தி ஹை ஸ்ட்ரீட்' என்று வெளியானது. இரண்டு பெயரிலும் தேடுங்கள்.

கே: வரலாறு தெரியாமல் பார்த்தால் புரியுமா?

ப: இவ்வளவு தெரிந்தால் போதும். ஆண்டு 1942. ஹிட்லரை அண்டி நின்ற ஸ்லோவாக் அரசு, யூதர்களின் கடைகளைப் பிடுங்கி 'ஆரியர்' (அவர்கள் கணக்கில் யூதரல்லாதவர்) கையில் கொடுத்துக்கொண்டிருந்தது. தச்சன் டோனோ பிர்ட்கோவுக்கு (க்ரோனெர்) சகலை ஒரு கடையை வாங்கித் தருகிறான். அது காது மந்தமான ஒரு யூதக் கிழவியின் பொத்தான் கடை. உள்ளே போனால் சரக்கே இல்லை.

கே: நடிப்புப் பயிற்சியில் இருக்கிறேன் சார். எந்தக் காட்சியைக் கவனிக்க வேண்டும்?

ப: டோனோ முதன்முதலாகக் கடைக்குள் நுழையும் காட்சி. முதல் தடவை சத்தத்தோடு பாருங்கள். அடுத்து சத்தத்தை நிறுத்திவிட்டு அவர் உடம்பை மட்டும் பாருங்கள். 'இனி நான்தான் முதலாளி' என்று சொல்ல வந்தவர் அவர். கிழவியோ, தனக்கு ஒத்தாசைக்கு வந்த ஆள் என்று நினைத்துக்கொள்கிறாள். அந்தத் தவறான எண்ணத்தைத் திருத்த முடியாமல் அவருடைய மிடுக்கு கொஞ்சம் கொஞ்சமாக இறங்குவதைக் கவனியுங்கள். பிறகு கடைசிப் பகுதிக்குப் போங்கள்: கடைக்குள் குடிபோதையில் டோனோ, வெளியே சதுக்கத்தில் யூதர்களை நாடுகடத்தக் கூட்டுகிறார்கள். போதை என்றதும் தள்ளாடியே நேரத்தைப் போக்கும் நடிகர்கள் உண்டு. க்ரோனெரிடம் பயம், கோபம், கெஞ்சல் மூன்றும் மாறி மாறி வரும். தள்ளாட்டம் அதற்கு அடியில்தான் இருக்கும். படத்தின் உயிரே அங்கேதான் இருக்கிறது.

கே: ஆஸ்கர் அவருக்கா கிடைத்தது?

ப: இல்லை, படத்துக்கு. 1965ஆம் ஆண்டுக்கான சிறந்த வெளிநாட்டு மொழிப் படம். கிழவியாக நடித்த போலந்து நடிகை இடா காமின்ஸ்கா மறு ஆண்டு சிறந்த நடிகைக்கான பரிந்துரைப் பட்டியலில் இடம்பெற்றார். க்ரோனெருக்கு ஆஸ்கர் பரிந்துரை வரவில்லை; அது பெரிய குறைதான். கான் விழாவில் மட்டும் இருவரின் நடிப்புக்கும் சிறப்புக் குறிப்பு கிடைத்தது.

கே: இது செக் படமா, ஸ்லோவாக் படமா?

ப: இரண்டும்தான். தயாரிப்பு செக் பகுதியிலுள்ள ப்ராக் நகரின் பாரந்தோவ் ஸ்டூடியோ, பேசும் மொழி ஸ்லோவாக், வெளிப்புறக் காட்சிகள் கிழக்கு ஸ்லோவாக்கியாவின் சபினோவ் ஊரில்.

கே: அடுத்து?

ப: எழுபதுகளில் வந்த 'பாகோ, ஹிப்ஸ்கீ ஸ்போய்னீக்'. வீரக் கொள்ளையர் கதைகளைக் கேலி செய்யும் படம், க்ரோனெர்தான் நாயகன். பிறகு யூராய் யாகுபிஸ்கோவின் 'திசீச்ரோச்னா வ்செலா' (1983). அதில் கொத்தனார் குடும்பத்தின் பெரியவர். மகள் சுசானா க்ரோனெரோவாவும் நல்ல நடிகை. அவர் படங்களையும் விடாதீர்கள்.