'அந்த நாள்': கொலையாளி தெரிந்த பிறகும்

வணக்கம் ஐயா. போன வாரயிறுதியில் அப்பா வற்புறுத்தியதால் 'அந்த நாள்' பார்த்தேன். 1954இல் வந்த படம், ஒரு பாட்டுகூடக் கிடையாது என்று அவர் பெருமையாகச் சொல்லிக்கொண்டே இருந்தார். எனக்கு முக்கால் படத்திலேயே கொலையாளி யாரென்று தெரிந்துவிட்டது. கடைசியில் நாயகனின் மனைவி உஷா பேசுவது மேடைப் பேச்சு மாதிரி இருந்தது. கொலை மர்மப் படத்தில் மர்மம் போய்விட்டால் அப்புறம் என்ன மிச்சம்? இதை ஏன் இன்னும் கொண்டாடுகிறீர்கள்?
— ஒரு வாசகி, தெம்பனிஸ்

அன்புள்ள வாசகிக்கு,

படம் பார்க்காதவர்கள் முதலில் பார்த்துவிட்டு வாருங்கள். கொலையாளியை ஒளித்து வைத்துக்கொண்டு இந்தக் கடிதத்துக்குப் பதில் எழுத முடியாது.

உஷாவின் பேச்சு விஷயத்தில் நானும் உங்கள் கட்சிதான். உஷாவாக நடித்த பண்டரிபாய் முகத்தாலேயே சொல்லி முடித்ததை வசனம் மறுபடியும் சொல்கிறது. ஆனால் மர்மம் போய்விட்டது என்கிறீர்களே, அதை ஒத்துக்கொள்ள மாட்டேன்.

படம் தொடங்கியதுமே சிவாஜி குண்டடிபட்டு விழுகிறார். 'பராசக்தி' வந்து இரண்டே வருடம். அவரைப் பார்க்கத்தான் ஜனம் டிக்கெட் வாங்கியிருக்கும், அவர்கள் கண்ணெதிரிலேயே அவரைப் பிணமாக்கிவிட்டு, இந்த ராஜன் யார், எப்படிப்பட்டவன் என்று விசாரிக்கக் கிளம்புகிறது படம். சிஐடி அதிகாரியாக வரும் ஜாவர் சீதாராமன் (எழுதியதும் அவர்தான்) பக்கத்து வீட்டு சின்னையா, தம்பி பட்டாபி, தம்பி மனைவி ஹேமா, நாட்டியக்காரி அம்புஜம், மனைவி உஷா என்று ஒவ்வொருவராகக் கேட்கிறார். ஆளாளுக்கு வேறொருவரைக் கைகாட்டுகிறார்கள். அப்படிக் கைகாட்டும்போது, சொத்தில் பங்கு தராத அண்ணன், மனைவிக்குத் தெரியாமல் இன்னொருத்தி வீட்டுக்குப் போய்வருகிறவன் என்று வேறு வேறு ராஜன்கள் நமக்குத் தெரிய வருகிறார்கள். கொலையாளியை நீங்கள் முன்கூட்டியே கண்டுபிடித்தது சரி, செத்தவனைக் கண்டுபிடித்தீர்களா?

இயக்குநர் எஸ். பாலசந்தர், ஜப்பானிய இயக்குநர் குரோசாவாவின் 'ராஷோமான்' படம் பார்த்த தாக்கத்தில் உருவாக்கிய கதை இது. அதில் கடைசிவரை உண்மை கைக்கு வராது. இதில் வந்துவிடுகிறது. அதைக் குறையாகச் சொல்பவர்கள் உண்டு, எனக்கோ உண்மை கைக்கு வந்த பிறகுதான் படம் கனக்கிறது. ராஜன் ஒரு ரேடியோ இன்ஜினியர். தன் திறமையை இங்கே யாரும் மதிக்கவில்லை என்ற வெறுப்பில் ஜப்பானுக்கு உளவு சொல்கிறான். அவனைத் தடுக்கப் போகும் உஷாவின் கையில் இருக்கும் துப்பாக்கி வெடிக்கிறது. பாலசந்தர் யார் தெரியுமில்லையா, வீணை மேதை. அவ்வளவு சங்கீதம் தெரிந்தவர் ஒரு பாட்டுகூட வேண்டாம் என்று தீர்மானித்தார் என்றால், விசாரணையின் இறுக்கம் எங்கேயும் தளரக்கூடாது என்பதில் எவ்வளவு பிடிவாதமாக இருந்திருக்க வேண்டும்!

இனி நம் ஊரிலிருந்து இந்தக் கதையைப் பாருங்கள். ஜப்பானிய விமானம் சென்னையில் குண்டு வீசிய 1943 அக்டோபர் 11ஐ ஒட்டி நடக்கும் கதை இது. அப்போது ஜப்பானியர் பிடியில் இருந்த சிங்கப்பூருக்குப் பெயர் சியோனான். சரியாக அதற்கு முந்தின நாள், அக்டோபர் 10, ஜப்பானிய ராணுவப் போலீஸான கெம்பித்தாய் ஆட்கள் சாங்கிச் சிறைக்குள் புகுந்தார்கள். துறைமுகத்தில் கப்பல்கள் வெடித்ததற்கு உள்ளே இருந்தவர்கள் ரேடியோ வைத்து உளவு சொன்னதுதான் காரணம் என்று சந்தேகம். உண்மையில் அது ஆஸ்திரேலியாவிலிருந்து கடல்வழியாக வந்த ஒரு சிறு படையின் வேலை. ஆனால் பிடித்துக்கொண்டு போய்ச் சித்திரவதை செய்த 57 பேரில் 15 பேர் செத்தார்கள். அங்கே படத்தில் ஜப்பானுக்காக ரேடியோவில் உளவு சொன்னவன் கதை, இங்கே நிஜத்தில் சொல்லாத உளவுக்காக உயிர் போனவர்கள்.

அதே மாதம் 21ஆம் தேதி கேத்தே கட்டடத்தில் நேதாஜி சுதந்திர இந்திய அரசை அறிவிக்கிறார். மறுநாள் வாட்டர்லூ ஸ்திரீட்டில் ஜான்சி ராணிப் படையின் முகாம் திறக்கிறது. சென்னையிலிருந்து வந்த டாக்டர் லட்சுமிதான் தலைவி, மலாயாவின் ரப்பர் தோட்டங்களிலிருந்து வந்த தமிழ்ப் பெண்கள் அவர் கீழே துப்பாக்கி பிடிக்கப் பழகுகிறார்கள். உஷாவைப் போலவே நாட்டுக்காகத்தான், ஆனால் ஜப்பான்காரன் பக்கம் நின்றுகொண்டு. உஷா இந்த ஊரில் பிறந்திருந்தால் அந்த முகாமில் சேர்ந்திருக்கலாம் என்ற எண்ணம் எனக்குத் திரும்பத் திரும்ப வருகிறது. அந்தப் பெண்களையும் ராஜனையும் ஒரே தட்டில் வைக்கவும் மனம் வரவில்லை. அவர்கள் பணயம் வைத்தது சொந்த உயிரை. அவன் விற்றது தூங்கிக்கொண்டிருந்த ஒரு ஊரை. அந்த ஜப்பானியப் படைதான் நம் தோட்டத் தமிழர்களை ஆயிரக்கணக்கில் சயாம் ரயில் பாதைக்கு இழுத்துக்கொண்டு போய்ச் சாகடித்தது. இத்தனையையும் நினைத்துக்கொண்டு உஷாவின் பேச்சைக் கேட்டால், மேடைத்தனம் அப்படியே இருந்தாலும், அவள் கோபத்துக்கு ஆதாரம் இருப்பது தெரியும்.

இன்னொரு தடவை பார்ப்பீர்களானால் ஒன்று செய்யுங்கள். கேள்வி கேட்கும் அதிகாரியைக் கவனிக்காமல், முதல் காட்சியிலிருந்தே பண்டரிபாயை மட்டும் பாருங்கள். அவளுக்கு எல்லாம் தெரியும், நமக்கும் இப்போது தெரியும், சுற்றி இருப்பவர்களுக்குத்தான் தெரியாது. அவள் அழும் அழுகை நடிப்பாக இல்லை, நிஜமாகவே புருஷனைப் பறிகொடுத்தவளின் அழுகை அது. சுட்ட கையும் அவளுடையதுதான் என்று தெரிந்துகொண்டு அதைப் பார்க்கும்போது, முதல் தடவை வராத பதற்றம் வருகிறது.

உங்கள் அப்பாவிடம் அடுத்து 'பொம்மை' கேளுங்கள், 1964, இதே பாலசந்தர். அதில் பொம்மைக்குள் வெடிகுண்டு. யேசுதாஸின் முதல் தமிழ்ப் பாட்டும் அதில்தான். கதை முடிந்ததும் எழுந்து போய்விடாதீர்கள், படத்தில் வேலை செய்தவர்களைப் பாலசந்தரே திரையில் வந்து அறிமுகப்படுத்துவார்.