8கச ஏன் வராது? ஒத்த உறுப்புகளைக் கூட்டும் முறை

கேள்வி: ஏழாவது படிக்கிற என் பையன், 3க + 2ச + 4க − ச-வைச் சுருக்கச் சொன்னா 8கச-ன்னு எழுதறானுங்க. கூட்டல், கழித்தல் எல்லாம் சரியாத்தான் போடறான். எப்படிங்க புரிய வெக்கிறது? (கோபிப் பக்கம் மஞ்சள் வெள்ளாமை செய்யும் ஒரு தாயார், நோட்டில் இருந்த ஆங்கில எழுத்துகளுக்குப் பதிலாக இங்கே க, ச.)

பதில்: பையன் 3, 2, 4, −1 ஆகியவற்றைக் கூட்டி 8 என்கிறான். மிச்சம் நிற்கும் இரண்டு எழுத்தையும் பின்னால் ஒட்டிவிடுகிறான். எழுத்து எதைக் குறிக்கிறது என்பதுதான் அவனுக்கு இன்னும் பிடிபடவில்லை.

"க என்றால் மாங்காய், ச என்றால் தேங்காய், இரண்டையும் சேர்க்கக் கூடாது" என்று பலர் சொல்லிக்கொடுக்கிறார்கள். தயவுசெய்து அப்படிச் சொல்லாதீங்க அம்மணி. மூன்று மாங்காயும் இரண்டு தேங்காயும் ஐந்து காய்தானே என்று பையன் கேட்பான். அதில் தப்பும் இல்லை. எழுத்து பொருளின் பெயர் அல்ல, அது ஓர் எண்.

உங்கள் மஞ்சளையே எடுத்துக்கொள்ளுங்கள். ஈரோட்டு மார்க்கெட்டில் விரலி மஞ்சளுக்கு ஒரு விலை, கிழங்கு மஞ்சளுக்கு வேறு விலை. குவிண்டால் விரலி க ரூபாய், கிழங்கு ச ரூபாய் என்று வையுங்கள். முதலில் 3 குவிண்டால் விரலியும் 2 குவிண்டால் கிழங்கும் விற்கிறீர்கள். அப்புறம் இன்னும் 4 குவிண்டால் விரலி போகிறது, கிழங்கில் ஒரு குவிண்டால் திரும்பி வருகிறது. உங்களுக்குச் சேர வேண்டியது 7க + ச ரூபாய். 8கச என்றால் விரலி விலையைக் கிழங்கு விலையால் பெருக்கி, அதை எட்டு மடங்காக்கியது. அந்தத் தொகைக்கும் உங்கள் விற்பனைக்கும் சம்பந்தமே இல்லை.

3க + 4க-வில் க பொதுவாக இருப்பதால் (3 + 4)க என்று வெளியே எடுக்க முடிகிறது. பாடத்தில் வரும் பங்கீட்டுப் பண்பு இதுதான். 7க + ச-வில் அப்படிப் பொதுவாக எடுக்க ஒன்றும் இல்லை. நடுவில் கூட்டல் குறி நின்றால் கணக்கு முடியவில்லை என்று பிள்ளைகள் நினைக்கிறார்கள். எழுத்துகளை ஒட்டவைப்பதற்கு அதுவே பெரிய காரணம். 7க + ச முழுமையான விடைதான் என்பதை அவனிடம் வாய்விட்டுச் சொல்லுங்கள்.

விடையைச் சோதிக்க எழுத்துகளுக்கு எண் போட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். ஆனால் 1 வேண்டாம். இரண்டுக்கும் 1 போட்டால் சரியான விடையும் 8, தப்பான விடையும் 8 என்று வந்து ஏமாற்றிவிடும். க = 2, ச = 3 போட்டால் கொடுத்த கோவை (கணக்கில் தந்த 3க + 2ச + 4க − ச) 17; 7க + ச-வும் 17; 8கச மட்டும் 48.

3க, 4க போல ஒரே எழுத்தும் ஒரே அடுக்கும் உள்ளவைதான் ஒத்த உறுப்புகள்; அவற்றை மட்டுமே கூட்டிச் சுருக்கலாம். க-வும் க²-வும் ஒத்த உறுப்புகள் அல்ல; க 10 என்றால் க² 100. கச-வும் சக-வும் ஒன்றே. தனியாக நிற்கும் க-வின் கெழு, அதாவது எழுத்தைப் பெருக்கும் எண், 1; அதனால் க − 5க = −4க. ஒத்த உறுப்புகளை அடையாளம் காண ஓர் உறுப்பின் அடியில் கோடிடும்போது அதற்கு முன்னால் உள்ள குறியையும் சேர்த்தே கோடிடட்டும்.

அடுத்து அவன் தடுமாறப்போவது அடைப்புக்குறியில். 5க − (2க − 3ச) கொடுங்கள். வெளியே கழித்தல் இருப்பதால் உள்ளே இரண்டு குறியும் மாறி, 5க − 2க + 3ச, அதாவது 3க + 3ச. அவன் 3க − 3ச என்று எழுதினால் அதே 2, 3 போட்டுப் பார்க்கட்டும்: கொடுத்த கோவை 15, அவன் எழுதியது −3.