முழு மீன் விருந்து: பாத்திரத்தை அளந்துவிட்டு மீன் வாங்குங்கள்

கேள்வி: ஜூலையில் எங்கள் 25-ஆவது திருமண நாள். வீட்டிலேயே 20 பேருக்கு விருந்து. வளைகுடாவில் வேலை பார்க்கும் மகன், முழு மீனை எண்ணெய் இல்லாமல் வாசனைத் தண்ணீரில் மெதுவாக வேகவைத்து, உடையாமல் நடுவில் வைக்க வேண்டும் என்கிறான். அதற்கென்றே நீளமான மூடிபோட்ட பாத்திரம் இணையத்தில் விற்கிறார்கள், விலைதான் மலைக்க வைக்கிறது. வாங்கலாமா? மீன், நெய்மீனாக இருக்கலாமா?
– மார்த்தாண்டம் வாசகி

பதில்: பாத்திரம் வாங்க வேண்டாம். ஒரே நாள் விருந்துக்காக வாங்கினால் அப்புறம் பரணில்தான் கிடக்கும். அந்தப் பணத்தை மீனில் போடுங்கள்.

அந்தப் பாத்திரங்கள் பெரும்பாலும் 45 முதல் 60 சென்டிமீட்டர் நீளம் இருக்கும். உள்ளே துளையிட்ட தட்டு ஒன்று உண்டு, வெந்த மீனை அப்படியே தூக்குவதற்கு. இந்த வேலையை ஒரு பழைய வேட்டித் துணியே செய்துவிடும். மீனைத் துணியில் சுற்றி, இரண்டு முனையையும் பாத்திரத்துக்கு வெளியே நீட்டி விட்டால் போதும், இரண்டு பேர் பிடித்துத் தூக்கலாம். சமையல் பாத்திரம் வாடகைக்கு விடும் கடையில் அகலமான ஸ்டீல் சருவம் கிடைக்கும். பித்தளை என்றால் உள்ளே ஈயம் பூசியதா என்று பார்த்து எடுங்கள். புளிப்புத் தண்ணீர் பூச்சில்லாத பித்தளையில் ஆகாது. எடுக்கும்போதே உள் அகலத்தை டேப்பால் அளந்து எழுதிக்கொள்ளுங்கள், மீன் வாங்கப் போகும்போது அந்த அளவுதான் கணக்கு.

நெய்மீன் வேண்டாம் என்பேன். இரண்டரை கிலோ நெய்மீன் 70 சென்டிமீட்டரைத் தொடும், வீட்டுப் பாத்திரத்தில் அடங்காது. சதையும் ஒரு நிமிடம் கூடினால் வறண்டுவிடும். துண்டு போட்டு வறுக்கவும் குழம்புக்கும்தான் அது அருமை. இன்னொன்றும் உண்டு. நெய்மீன், சூரை மாதிரி மீன்கள் ஐஸ் இல்லாமல் கிடந்தால் ஹிஸ்டமின் என்ற நச்சுப்பொருள் உண்டாகும். எவ்வளவு வேகவைத்தாலும் அது போகாது. சாப்பிட்டவருக்கு முகம் சிவந்து, உடம்பில் தடிப்பு வரும்.

உங்களுக்குக் கொடுவா சரியாக இருக்கும். எல்லைக்கு அப்பால் கேரளத்தில் காளாஞ்சி என்பார்கள். விளமீன், கலவாவும் நல்லவை. ஒரே பெரிய மீன் என்று பிடிவாதம் வேண்டாம். ஒன்றரை கிலோ அளவில் மூன்று வாங்குங்கள். ஒவ்வொன்றும் அரை மீட்டருக்குள் அடங்கும். தலை, முள், குடல் போனால் பாதிக்குப் பாதிதான் சதை. வேறு பண்டங்களும் இருக்கும் விருந்தில் நாலரை கிலோ 20 பேருக்குப் போதும்.

ஜூலை என்பதைக் கவனியுங்கள். குளச்சல், தேங்காப்பட்டணம் பக்கம் ஜூன் 1 முதல் ஜூலை 31 வரை விசைப்படகுகளுக்குத் தடை. கேரளத்திலும் ஜூலை 31 வரை இழுவை வலைக்குத் தடை. வள்ளத்தில் வருவது கொஞ்சம்தான், விலையும் ஏறும். ஆனால் கிழக்குக் கரைத் தடை ஜூன் 14-ல் முடிந்துவிடும். கன்னியாகுமரி சின்னமுட்டம் அந்தக் கணக்கில்தான் வருகிறது. அதனால் சின்னமுட்டம், தூத்துக்குடி மீன் எப்போது வரும் என்று உங்கள் மீன்காரரிடம் ஒரு வாரம் முன்பே கேட்டுச் சொல்லி வையுங்கள். கேரளத்தில் காயலில் கூண்டு வைத்துக் கொடுவா வளர்க்கிறார்கள். தெரிந்தவர் இருந்தால் விருந்து நாள் காலையிலேயே பிடித்துத் தரச் சொல்லலாம். எனக்கு அதுதான் முதல் தேர்வு.

தட்டுப்பாட்டு மாதத்தில்தான் ஏமாற்றும் நடக்கிறது. 2018 ஜூனில் கேரள உணவுப் பாதுகாப்புத் துறை எல்லைச் சோதனைச் சாவடிகளில், கெடாமல் இருக்க ஃபார்மலின் என்ற ரசாயனம் போட்ட மீனை டன் கணக்கில் பிடித்தது. கொச்சியில் உள்ள மத்திய மீன்வளத் தொழில்நுட்ப நிறுவனம் இதைக் கண்டறிய ஒரு சோதனைத் தாள் உருவாக்கியது. மீன்மேல் தேய்த்துத் திரவம் விட்டால் நிறம் காட்டும். அது கையில் இல்லையென்றால் கண் பிதுங்கிப் பளபளப்பாக இருக்கிறதா, செவுள் சிவந்து ஈரமாக இருக்கிறதா, விரலால் அழுத்திய குழி உடனே நிமிர்கிறதா என்று பாருங்கள். உடம்பு மட்டும் விறைப்பாக, கண் மங்கி, செவுள் வெளுத்து, மீன் வாசனையே இல்லாமல் இருந்தால் எடுக்காதீர்கள்.

தராசைப் பூஜ்யத்தில் காட்டச் சொல்லுங்கள். விலை முழு மீனுக்கா, சுத்தம் செய்த பிறகா என்று முதலிலேயே பேசிவிடுங்கள். கத்தி எடுக்கும் முன்பே "துண்டு போட வேண்டாம்" என்று சொல்ல வேண்டும், இல்லையென்றால் கை பழக்கத்தில் வெட்டிவிடுவார்கள். செதிலும் செவுளும் எடுத்து, வயிற்றில் சின்னதாகக் கீறிக் குடலை எடுத்தால் போதும். செவுள் உள்ளே இருந்தால் தண்ணீர் கசக்கும்.

சமையல் சுலபம். தண்ணீரில் வெங்காயம், இஞ்சி, மிளகு, கறிவேப்பிலை, இரண்டு மூன்று குடம்புளி, உப்பு போட்டு 20 நிமிடம் கொதிக்கவிட்டு முழுக்க ஆறவையுங்கள். ஆறிய தண்ணீரில்தான் மீனை இறக்க வேண்டும். சூடான தண்ணீரில் போட்டால் தோல் வெடித்து, வெளிச்சதை குழைந்து, நடுமுள் பக்கம் பச்சையாக நிற்கும். மீன் முங்கி இரண்டு விரல் மேலே தண்ணீர் இருக்கட்டும். சின்னத் தீயில் சூடேற்றுங்கள். மேல்தண்ணீர் லேசாக நடுங்க வேண்டும், கொதிக்கவே கூடாது. 75 முதல் 80 டிகிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். நடுங்கத் தொடங்கியதிலிருந்து, மீனின் தடிமனான இடத்தில் ஓர் அங்குலத்துக்குப் பத்து நிமிடம். முதுகுத் துடுப்பு இழுத்தால் சுலபமாக வர வேண்டும். வெப்பமானி இருந்தால் நடுமுள் பக்கம் 63 டிகிரி.

தோலைச் சூடு ஆறும் முன்னே உரித்து வாழையிலையில் வையுங்கள். வெந்த தண்ணீரை வடிகட்டி, கொஞ்சம் எடுத்துக் கெட்டித் தேங்காய்ப்பாலும் கீறிய பச்சை மிளகாயும் சேர்த்து மேலே ஊற்றுங்கள். பக்கத்தில் அவித்த மரச்சீனி இருந்தால் மகனுக்கு வளைகுடா ஹோட்டல் நினைவுக்கே வராது.

கேள்வி: முந்தின நாளே வேகவைத்து வைக்கலாமா?

பதில்: பரிமாறுகிற நாளிலேயே செய்யுங்கள். வெந்த மீன் நம் ஊர் வெயிலில், 32 டிகிரிக்கு மேல், ஒரு மணி நேரத்துக்கு மேல் வெளியே இருக்கக் கூடாது. மசாலாத் தண்ணீரை மட்டும் முந்தின நாளே காய்ச்சி ஃபிரிட்ஜில் வைக்கலாம். பச்சை மீனைக் காலையில் வாங்கியதும், மீன் எடைக்குச் சமமாக ஐஸ் போட்டுத் தண்ணீர் வடியும்படி வையுங்கள்.

கேள்வி: கெட்ட மீன் கொடுத்துவிட்டுக் கடைக்காரர் திருப்பி எடுக்க மறுத்தால்?

பதில்: பில் இல்லாமல் வாங்காதீர்கள் என்பதை இதற்காகவே சொல்கிறேன். வாங்கிய உடனே செவுளையும் கண்ணையும் படம் எடுங்கள். மீனைத் தூக்கிப் போடாமல் தனியாக ஐஸில் வைத்து, மாவட்ட உணவுப் பாதுகாப்பு அலுவலகத்தில் புகார் கொடுங்கள். தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-க்கும் அழைக்கலாம்.