காலத்தின் மணல்: கேட்டவர்களுக்குப் பதில்கள்

2003-இல் யூபிசாஃப்ட் மான்ட்ரியல் உருவாக்கிய 'பிரின்ஸ் ஆஃப் பெர்சியா: தி சாண்ட்ஸ் ஆஃப் டைம்' விளையாட்டில் வரும், காலத்தைப் பின்னால் திருப்பும் அந்த மணலைப் பற்றித்தான் இங்கே எல்லாக் கேள்விகளும். கல்லூரி நாட்களில் நண்பன் வீட்டு கம்ப்யூட்டரில் முதல் தடவை ஆடி முடித்தேன். அதற்கப்புறம் எத்தனை தடவை என்று கணக்கு வைக்கவில்லை. கதை முடிவைச் சொல்லாமல் பதில் சொல்ல முடியாது. இன்னும் ஆடாதவர்கள் ஆடிவிட்டு வந்து படியுங்கள்.

கேள்வி: அண்ணா, அந்த மணல் எங்கிருந்து வந்தது? அவ்வளவு ஆபத்தானதை ஏன் திறந்தார்கள்?

முதல் பாகமான இந்த 2003 விளையாட்டில் அது இந்தியாவில், ஒரு மகாராஜாவின் அரண்மனையில், பெரிய மணற்கடிகாரத்துக்குள் அடைபட்டிருக்கிறது. அதைத் திறக்கும் சாவி ஒரு குத்துவாள். மகாராஜாவின் வசீர், அதாவது அமைச்சர், துரோகம் செய்ய, பாரசீக மன்னர் ஷாராமானின் படை உள்ளே புகுந்து இரண்டையும் கொள்ளையடிக்கிறது. ஆசாத் நகரத்து சுல்தானுக்குப் பரிசாக மணற்கடிகாரம் போகிறது. அங்கே வசீரின் பேச்சை நம்பி, ஷாராமானின் மகனும் நாம் ஆடும் நாயகனுமான இளவரசனே குத்துவாளைச் செருகித் திறந்துவிடுகிறான். பொங்கி வந்த மணல் பட்டவர்கள் எல்லாரும் மணற்பேய்களாகிறார்கள். பெற்ற தந்தையோடே அவன் வாள் வீச வேண்டியிருக்கிறது.

மணல் பிறந்த கதை 2004-இல் வந்த இரண்டாம் பாகத்தில் இருக்கிறது. காலத்தின் பேரரசி கைலீனாவைக் கொன்றால் அவள் உடலிலிருந்துதான் மணல் உண்டாகிறது. மணல் உண்டாவதைத் தடுக்கப் போன இளவரசன், அவளைக் கொன்று தானே அதை உண்டாக்கிவிடுகிறான். எனக்கு அந்த இடத்தில் கையெல்லாம் சில்லிட்டுப்போனது.

கேள்வி: மணல் பொங்கியபோது மூன்று பேர் மட்டும் எப்படித் தப்பித்தார்கள்?

இளவரசனிடம் குத்துவாள், மகாராஜாவின் மகள் ஃபாராவிடம் பதக்கம், வசீரிடம் கோல். அவைதான் காப்பு. வசீர் சாகும் தறுவாயில் இருக்கும் நோயாளி. சாகாவரம் வேண்டித்தான் இத்தனையும் செய்கிறான்.

கேள்வி: குத்துவாளில் இருக்கும் மணலால் காலத்தில் எவ்வளவு நேரம் பின்னால் போகலாம்? எனக்கு மணல் சீக்கிரமே தீர்ந்துவிடுகிறது.

ஏறக்குறைய 10 விநாடி. ஒவ்வொரு தடவை பின்னால் போகும்போதும் குத்துவாளில் ஒரு கூடு மணல் காலியாகும். காலியானபின் பள்ளத்தில் விழுந்தால் செத்ததுதான். அடிபட்டு விழுந்த மணற்பேயைக் குத்துவாளால் குத்தி மணலை உறிஞ்சினால் நிரம்பும். உறிஞ்சாமல் விட்டால் அது மறுபடி எழுந்துவிடும். ஆகவே அடிக்கும் வேகத்தைவிட உறிஞ்சும் நேரத்தில் கவனம் வையுங்கள். புதிதாக ஆடுகிறவர்கள் தவறி விழும் ஒவ்வொரு தாவலுக்கும் மணலைச் செலவழிக்கிறார்கள். சண்டைக்குக் கொஞ்சம் மிச்சம் பிடித்து வையுங்கள்.

கேள்வி: கடைசிக் கட்டத்தில் குத்துவாளைப் பிடுங்கிக்கொள்கிறார்களே, அது அநியாயம் இல்லையா?

அந்தக் கட்டம் இல்லாவிட்டால் கதையே இல்லை என்பேன். குத்துவாளை எடுத்துக்கொண்டு போவது ஃபாரா. ஒரே வீச்சில் மணற்பேயை வீழ்த்தும் வாள் நம் கையில் இருக்கும், காலத்தைத் திருப்ப மட்டும் முடியாது. அதுவரை அலட்சியமாகத் தாவிய சுவர்களை எல்லாம் அப்போது பயந்து பயந்து ஏறுவோம். அப்புறம் ஃபாரா பள்ளத்தின் விளிம்பில் தொங்குகிறாள். இருவருக்கும் நடுவே அதே குத்துவாள். அதன் கூர்முனையை இளவரசன் வெறுங்கையால் பற்றியிருக்கிறான். அவன் கை அறுபடுவதைப் பார்த்து அவளே பிடியை விட்டுவிடுகிறாள்.

அவன் குத்துவாளை மணற்கடிகாரத்தில் செருகுகிறான். எல்லாம் பின்னால் போய், போர் தொடங்குவதற்கு முந்தைய இரவில் நிற்கிறது. ஃபாரா உயிரோடு இருக்கிறாள், ஆனால் அவனை யாரென்றே தெரியாது. நடந்தது முழுதும் அவன் ஒருவன் நினைவில் மட்டும் இருக்கிறது. மணற்பேய்களைவிட இதுதான் இந்த மணலின் பெரிய ஆபத்தாக எனக்குப் படுகிறது. நாம் இவ்வளவு நேரம் ஆடியதே அவன் அந்த இரவில் அவளிடம் சொல்லும் கதைதான். அதனால்தான் நடுவில் நாம் செத்தால், இல்லை, அப்படி நடக்கவில்லை என்று அவன் குரல் கேட்கிறது. கதையைக் கேட்டும் அவள் நம்பவில்லை. அவன் முத்தமிட, அவள் விலகிக்கொள்ள, அந்தக் கணத்தையும் குத்துவாளால் அழித்துவிடுகிறான்.

கேள்வி: 'காகோலூகியம்' என்ற சொல்லுக்கு அர்த்தம் உண்டா?

இந்தக் கேள்விக்காகவே காத்திருந்தேன். பயம் வந்தால் சொல்லும்படி சிறுவயதில் அம்மா சொல்லித்தந்த சொல் என்று ஃபாரா இளவரசனிடம் ரகசியமாகச் சொல்வது. பஞ்சதந்திரத்தின் மூன்றாம் பகுதிக்கும் இதே பெயர்தான்: காகங்களும் ஆந்தைகளும் பற்றியது என்று பொருள். அந்தக் கதையில் ஒரு காக அமைச்சர், தன் அரசன் விரட்டிவிட்டதாக நடித்து ஆந்தைகளின் குகைக்குள் இடம் பிடிக்கிறார். பிறகு அதற்கே தீ வைக்கிறார். உள்ளே இருந்துகொண்டே கதவைத் திறந்துவிட்ட வசீரை நினைத்துப் பாருங்கள். முடிவில் ஃபாரா பெயர் கேட்கும்போது இளவரசன் சொல்லிவிட்டுப் போவதும் இந்தச் சொல்லைத்தான்.

கேள்வி: டஹாகா ஏன் தண்ணீரைக் கண்டால் ஓடுகிறது?

இரண்டாம் பாகத்தில் வரும், காலத்தின் ஓட்டத்தைக் காக்கும் காவலன் டஹாகா. மணலைத் திறந்தவன் சாக வேண்டும் என்பது விதி, தப்பியவனைத் துரத்துகிறது. தண்ணீர்தான் அதன் பலவீனம். மூன்று பாகங்களிலும் தண்ணீர் இளவரசன் பக்கம் நிற்பதைக் கவனியுங்கள். முதல் பாகத்தில் நீரைக் குடித்தால் உயிர் ஏறும். 2005-இல் வந்த மூன்றாம் பாகத்தில் மணல் அவன் கையில் ஏறி இன்னொரு ஆளாக மாறிவிடுவான், தண்ணீரைத் தொட்டால்தான் பழைய உருவம். இரண்டாம் பாகத்தின் உண்மையான முடிவுக்கும் நீர் வாள் வேண்டும்.

கேள்வி: படத்திலும் 1989 விளையாட்டிலும் இதே மணலா?

ஜோர்டன் மெக்னரின் 1989 விளையாட்டில் மணற்கடிகாரம் உண்டு, மந்திர மணல் இல்லை. இளவரசியைக் காப்பாற்ற 60 நிமிடக் கெடு மட்டும். 2010 படத்தில் குத்துவாளின் பிடியில் இருக்கும் மணலுக்கு ஒரு நிமிடம்தான் பின்னால் போகும் சக்தி.

கேள்வி: எதிலிருந்து ஆரம்பிக்கலாம்?

2003, அப்புறம் 2004, 2005. இந்த வரிசையை மாற்றாதீர்கள். 2010-இல் வந்த 'தி ஃபர்காட்டன் சாண்ட்ஸ்' கதைப்படி முதலிரண்டுக்கும் நடுவே வருகிறது, ஆனால் அதில் வருவது வேறு மணல், 'சாலமனின் படை' என்று அழைக்கப்படும் மணற்படை. அதைக் கடைசியில் ஆடினால் போதும்.