வரப்பு வழக்கில் பாதகமான பத்திரத்தை மறைக்கலாமா?

மன்னார்குடிப் பக்கம் வரப்புத் தகராறு. அப்பா எழுதிக்கொடுத்த பழைய பத்திரம் எதிராளிக்குச் சாதகம், அதைச் சொல்லாமலே வழக்குப் போடலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். தயவுசெய்து வேண்டாம். செங்கல்வராய நாயுடு வழக்கில் (1994), வாதி தான் எழுதிக்கொடுத்த விடுதலைப் பத்திரத்தை (சொத்தில் தன் உரிமையை விட்டுக்கொடுக்கும் பத்திரம்) மறைத்ததை மோசடி என்றது உச்ச நீதிமன்றம். அவர் வாங்கிய தீர்ப்பே செல்லாமல் போனது.

பதிவான பத்திரம் என்றால் வில்லங்கச் சான்றிலேயே வந்துவிடும். அப்புறம் நீதிமன்றம் அனுப்பும் ஆணையர் சர்வேயரோடு வயலில் இறங்கிப் புலப்படத்தை (நிலத்தின் எல்லை அளவுகள் குறித்த அரசு வரைபடம்) வைத்து அளப்பார். நம் டெல்டாவில் ஒவ்வொரு நடவுக்கும் வரப்பைச் சீவி அணைக்கிறோம், அது கொஞ்சம் கொஞ்சமாக நகரும். எல்லைக் கல்லைப் பிடுங்கியிருந்தாலும் படத்தின் அளவுகளால் அது இருந்த இடத்தைப் பிடித்துவிடுவார்கள்.

பத்திரத்தை முதலிலேயே வக்கீலிடம் கொடுங்கள். அந்தத் துண்டை நெடுங்காலமாக நீங்களே உழுதிருந்தால், அதையும் மனுவில் வெளிப்படையாகச் சொல்லுங்கள்.