வாசகர் கேள்விகள்: மொனாட்நாக்கின் ஆறடிச் சுவர்

கேள்வி: சிகாகோவின் மொனாட்நாக் அலுவலகக் கட்டடத்தில் தரைத்தளச் சுவர் 6 அடி கனம் என்கிறார்களே, அவ்வளவு எதற்கு?

பதில்: செங்கல்லால் சுமை தாங்கும் சுவருக்கு அன்று வழக்கத்திலிருந்த கணக்கு இது: ஒரு தளம் என்றால் 12 அங்குலம், மேலே கூடும் ஒவ்வொரு தளத்துக்கும் அடியில் 4 அங்குலம் சேர்க்க வேண்டும். 1891-ல் முடிந்த வடக்குப் பாதியில் 16 தளங்கள். முதல் தளத்துக்கு 12, மீதிப் பதினைந்துக்கு 60. ஆக 72 அங்குலம். உயரப் போகப் போகச் சுமை குறைவதால் சுவரும் மெலிந்து, உச்சியில் சுமார் 18 அங்குலம் ஆகிவிடும்.

சுவர் வலுவாகத்தான் நிற்கிறது, அடிபடுவது வாடகை. கடைகள் வரும் தரைத்தளத்துக்குத்தான் கிராக்கி. சுவர் அதிக இடத்தை விழுங்குவதும் அங்கேதான். ஜன்னலை அகலமாக்கலாம் என்றால், இரண்டு ஜன்னல்களுக்கு நடுவே நிற்கும் செங்கல்தானே மேலுள்ள பாரத்தையெல்லாம் சுமக்கிறது? இன்னும் நாலு தளம் ஏற்ற நினைத்தால் கீழே இன்னும் 16 அங்குலம் போய்விடும்.

இதை "இரும்பே இல்லாத கட்டடம்" என்று சிலர் எழுதுகிறார்கள். தவறு. வெளிச்சுவர்தான் செங்கல். உள்ளே தளங்களைத் தாங்குவதும், காற்றின் தள்ளலுக்கு ஈடுகொடுக்க முட்டுக்கொடுப்பதும் இரும்புச் சட்டகம். படிக்கட்டில் அலுமினியம்கூட உண்டு. கட்டடத்தில் அந்த உலோகத்தைக் கையாண்ட தொடக்ககால முயற்சிகளில் அதுவும் ஒன்று.

கேள்வி: சிகாகோ மண் இளகிய களிமண். இத்தனை பாரம் அதில் இறங்கவில்லையா?

பதில்: இறங்கியது. பாறை வெகு ஆழத்தில் இருந்ததால், பாரத்தைப் பரப்பிவிடுவதுதான் அன்றைய உத்தி. எஃகு உத்தரங்களைப் புதைத்த 2 அடிக் கான்கிரீட் படுக்கையை, சுவருக்கு வெளியே தெருவுக்கு அடியிலும் 11 அடி நீட்டிப் போட்டார்கள். 8 அங்குலம் இறங்கும் என்று எதிர்பார்த்தே கட்டினார்கள். 1905-க்குள் அதையும் தாண்டிவிட்டது. 1940-களின் இறுதியில் சுமார் 20 அங்குலம். தெருவிலிருந்து உள்ளே போக ஒரு படி கீழே இறங்க வேண்டியதாயிற்று. இதில் அஞ்ச வேண்டியது எவ்வளவு இறங்குகிறது என்பதைவிட, எவ்வளவு சமமாக இறங்குகிறது என்பதைத்தான். ஒருசேர இறங்கினால் வாசலைத் திருத்தினால் போதும். ஒரு பக்கம் மட்டும் இறங்கினால் சுவர் பிளக்கும்.

கேள்வி: அலங்காரமே இல்லையே. சிக்கனமா, அழகுணர்ச்சியா?

பதில்: தொடங்கியது சிக்கனத்தில். முதலீடு செய்த பாஸ்டன்காரர் பீட்டர் புரூக்ஸ், துருத்திக்கொண்டு நிற்கும் எதுவும் அழுக்கைச் சேர்க்கும், புறாக்களும் குருவிகளும் அடையும் என்று தடுத்தார். ஆனால் கட்டடக் கலைஞர் ஜான் ரூட், அடிச்சுவரை உள்நோக்கி வளைத்து, உச்சியில் வெளிநோக்கி விரித்து, சுவரின் வடிவத்தையே அலங்காரமாக்கிவிட்டார். அந்த வளைவுகளுக்குத் தனி அச்சில் வார்த்த செங்கல் வேண்டியிருந்தது. எளிமையாகத் தெரிவதெல்லாம் மலிவு அல்ல! அலைபோல் புடைத்து நிற்கும் ஜன்னல்கள் வீம்புக்கு வைத்தவை அல்ல. மின்விளக்கு மங்கலாக எரிந்த காலத்தில் அறைக்குள் பகல் வெளிச்சத்தை இழுத்தவை. கட்டடம் முடியுமுன்பே, 1891 ஜனவரியில் ரூட் இறந்துபோனார்.

கேள்வி: தெற்குப் பாதியும் அதே கட்டடம்தானே? வித்தியாசம் கண்ணுக்குத் தெரியுமா?

பதில்: தெரியும். 1893-ல் முடிந்த தெற்குப் பாதி ஹோலபர்ட் அண்ட் ரோஷ் நிறுவனத்தின் வேலை. எஃகுச் சட்டக முறை. அங்கே செங்கல் ஒரு போர்வை மாதிரி. அந்தந்தத் தளத்துச் செங்கல்லை அந்தந்தத் தளத்து உத்தரமே ஏந்திக்கொள்வதால், கீழ்ச்சுவர் தடிக்க வேண்டியதில்லை. நேரில் பார்ப்பவர்கள் தரைத்தள ஜன்னல் கண்ணாடி சுவரின் வெளிமுகத்திலிருந்து எவ்வளவு உள்ளே தள்ளியிருக்கிறது என்று கவனியுங்கள். வடக்கில் குகைபோல் ஆழம். தெற்கில் அவ்வளவு இல்லை. உச்சியில் நீட்டிக்கொண்டிருக்கும் அலங்கார விளிம்பும் தெற்குப் பாதியைக் காட்டிக்கொடுக்கும்.

கேள்வி: உலகின் முதல் வானளாவி எது?

பதில்: பெரும்பாலும் சொல்லப்படுவது, 1885-ல் வில்லியம் லெ பேரன் ஜென்னி கட்டிய ஹோம் இன்சூரன்ஸ் கட்டடம், அதுவும் சிகாகோதான். முதலில் 10 தளம், பிறகு இரண்டு கூட்டினார்கள், 1931-ல் இடித்தார்கள். பாரத்தை உலோகச் சட்டகத்தின் மேல் ஏற்றியதுதான் அதன் பெருமை. ஆனால் அதிலும் பாரத்தின் ஒரு பகுதியைக் கற்சுவர்கள் சுமந்ததால் "முதல்" என்ற பட்டம் இன்றும் சர்ச்சையில்தான் இருக்கிறது.