நகையை அடகு வைக்கும் முன்

மகளுக்குப் புவியியல் படிக்க ஆசை. அவளுடைய தாய்மாமனோ கம்ப்யூட்டர் சயின்ஸில் மேனேஜ்மென்ட் கோட்டா சீட்டு பேசி முடித்துவிட்டு, நகையை வைத்தாவது முன்பணம் கட்டச் சொல்கிறார். என்ன செய்வது என்று கேட்டிருக்கிறீர்கள், அம்மா. உங்கள் தவிப்பு புரிகிறது. ஆனால் ஆறுதல் சொல்ல இது நேரமில்லை. முன்பணம் கட்டாதீர்கள்.

“மேப் பார்க்கிற படிப்பை வைத்து என்ன கிழிக்கப் போகிறாள்” என்று கேட்டாராம் உங்கள் அண்ணன். அவருக்கு மூனிஸ் ரஸாவைப் பற்றிச் சொல்லுங்கள். 1925இல் பிறந்தவர், உத்தரப்பிரதேசத்தின் காஜிப்பூர் பக்கத்துக்காரர். அலிகாரில் புவியியல் கற்பித்தார். அப்புறம் ஸ்ரீநகர் வட்டாரப் பொறியியல் கல்லூரிக்கு, அதாவது இன்றைய தேசியத் தொழில்நுட்பக் கழகத்துக்கு (என்.ஐ.டி.), முதல்வரானார். பொறியியல் கல்லூரியை நடத்தியவர் ஒரு புவியியல்காரர்! 1969இல் தொடங்கிய ஜவாஹர்லால் நேரு பல்கலைக்கழகத்தை உருவாக்கியவர்களில் அவரும் ஒருவர். அங்கே அவர் வளர்த்த வட்டார வளர்ச்சி ஆய்வு மையத்தில் புவியியல், பொருளியல், மக்கள்தொகையியல் மூன்றையும் ஒன்றாகவே படிக்கிறார்கள். பிறகு டெல்லி பல்கலைக்கழகத்தின் துணைவேந்தர். பழங்குடி மக்களின் நிலையை, மக்கள்தொகைக் கணக்கெடுப்பை வைத்து வரைபடங்களாகவே தொகுத்துக் காட்டியவரும் அவர்தான்.

உங்கள் மகள் துணைவேந்தர் ஆவாள் என்று நான் சொல்ல வரவில்லை. நிலம், நீர், மக்கள், பணம் நான்கையும் சேர்த்துப் பார்க்கப் பழகியவருக்கு எவ்வளவு பெரிய பொறுப்பும் கைவரும் என்கிறேன்.

ஆசிரியர் வேலை, போட்டித் தேர்வு எல்லாம் உங்களுக்கே தெரியும். நீங்கள் கேள்விப்படாதது ஜி.ஐ.எஸ்., அதாவது புவித் தகவல் முறைமை. ஓர் இடத்தைப் பற்றிய பல தகவல்களைக் கணினி வரைபடத்தில் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிப் பார்ப்பது. சென்னையின் பள்ளிக்கரணைச் சதுப்புநிலத்தை எடுத்துக்கொள்ளுங்கள். இந்திய நில அளவைத் துறையின் பழைய வரைபடத் தாளில், இரண்டு சென்டிமீட்டர் என்பது தரையில் ஒரு கிலோமீட்டர். அதில் சதுப்புநிலத்தின் பழைய எல்லையைக் கணினியில் வரைய வேண்டும். அதன்மேல் இன்றைய செயற்கைக்கோள் படம், அதற்கு மேல் தரையின் உயரம், சாலை, கட்டடம். நீர் எங்கே தேங்கும், எந்தத் தெரு முதலில் மூழ்கும் என்பது திரையில் தெரிந்துவிடும். இந்த வேலை தெரிந்தவர்கள் பேரிடர் மேலாண்மைக்கும் நகரத் திட்டமிடலுக்கும் குடிநீர்த் திட்டங்களுக்கும் தேவை. தனியார் வரைபட நிறுவனங்களுக்கும் தேவை.

ஒன்றை மட்டும் மறைக்க மாட்டேன். வெறும் இளங்கலைப் பட்டம் போதாது. சென்னையில் மாநிலக் கல்லூரி, ராணி மேரிக் கல்லூரி இரண்டிலும் புவியியல் இருக்கிறது. படிக்கும்போதே ஜி.ஐ.எஸ். வேலைக்கான கியூஜிஐஎஸ் மென்பொருளைப் பழகட்டும், இலவசம்தான். முதுகலை முடித்தபின் டேராடூனில் இஸ்ரோவின் இந்தியத் தொலை உணர்வு நிறுவனத்தில் மேற்படிப்பு இருக்கிறது. கொஞ்சம் புரோகிராமிங்கும் புள்ளியியலும் கற்றுக்கொண்டே ஆக வேண்டும். இதில் சலுகை கிடையாது.

செலவுக் கணக்கையும் போட்டுப் பாருங்கள். கோட்டா சீட்டுக்கு நான்கு வருடக் கட்டணம், விடுதி, அடகு வட்டி. அரசுக் கல்லூரிக்கு ஆகிற செலவு அதில் ஒரு மூலைக்கு வராது. ஆறாம் வகுப்பிலிருந்து அரசுப் பள்ளியில் படித்தவள் என்றால் புதுமைப் பெண் திட்டத்தில் மாதம் 1,000 ரூபாயும் கிடைக்கும்.

வட்டி கட்டப்போவது உங்கள் அண்ணன் இல்லை, நீங்கள். பிடிக்காத பாடத்தில் அரியர் வைத்து அழப்போவதும் அவர் இல்லை. அவரிடம் நேரில் பேசச் சங்கடமாக இருந்தால் மகளையும் கூட்டிக்கொண்டு அவரோடு என்னிடம் வாருங்கள், நான் பேசுகிறேன். அதற்குள் அரசுக் கல்லூரி விண்ணப்பத்தைப் போட்டுவிடுங்கள், கடைசித் தேதிவரை இழுக்க வேண்டாம்.